நல்லாருக்குன்னு சொல்லிடாதீங்க

என் பெயர் சோனுன்பூபூ. வைத்தது என் அப்பா. மூன்று பெண்களுக்குப் பிறகு நான்காவதும் பெண்ணாகப் பிறந்ததில் தனக்கு வருத்தமே இல்லை என்று ஊருக்குக் காட்டிக்கொள்ள இந்தப் பெயரை வைத்திருப்பார். எங்கள் கிர்கீஸ் மொழியில் ‘சோனுன்’ என்றால் பிரமாதம், அருமை. தின்கிற பண்டத்திலிருந்து பிறந்த குழந்தை வரை எதைப் பார்த்தாலும் சொல்லலாம். என்னை எல்லோரும் சுருக்கமாக சோனுன் என்றுதான் கூப்பிடுவார்கள். ஐம்பத்திரண்டு வருடமாக இந்தப் பெயரால் எனக்கு ஒரு நன்மையும் இல்லை, ஒரு கெடுதலும் இல்லை. ஜெக்‌ஷெனின் ஓவியக்கூடத்தில்தான் அது முதல் தடவையாக ஒரு வேலை செய்தது. செய்ததே உருப்படியில்லாத வேலை.

ஓவியர்களும் சிற்பிகளும் வேலை செய்வதைப் படம் பிடிப்பது என் தொழில். ஒரு படம் பன்னிரண்டு நிமிடம். இதுவரை முப்பத்தொரு படம் எடுத்திருக்கிறேன். தொலைக்காட்சியில் ஞாயிற்றுக்கிழமை காலை ஆறேகாலுக்குப் போடுவார்கள். அந்த நேரத்தில் பிஷ்கெக் நகரத்தில் விழித்திருப்பவர்கள் பால்காரர்களும் மூட்டுவலிக்காரர்களும்தான். அவர்கள்தான் என் ரசிகர்கள்.

என் படங்களுக்கு ஒரே ஒரு விதி உண்டு. கைகளை மட்டும் காட்டுவேன். முகமும் கிடையாது, பேச்சும் கிடையாது. பெரிய கலைத் தத்துவம் என்று பேட்டியில் அளப்பேன். உண்மையான காரணம் வேறு. கேமராவைப் பார்த்ததும் ஓவியர்களின் முகத்துக்கு என்னவோ ஆகிவிடுகிறது. ஒருவர் கித்தானை இழுத்து ஆணி அடிக்க டை கட்டிக்கொண்டு வந்தார். இன்னொருவர் தூரிகையைக் காற்றில் பிடித்தபடி ஜன்னலுக்கு வெளியே ஏழு நிமிடம் பார்த்தார். வெளியே இருந்தது குப்பைத்தொட்டி. பேச விட்டாலோ போச்சு. வாழ்க்கை, வெளிச்சம், மௌனம் என்று ஆரம்பித்தால் மௌனத்தைப் பற்றியே முக்கால் மணி நேரம் பேசுவார்கள். கை மட்டும்தான் பொய் சொல்லத் தெரியாமல் தன் வேலையைப் பார்க்கும்.

ஒலிப்பதிவு செய்வது தைலக். நாற்பது வயது, பீரோ மாதிரி உடம்பு, வாயில் எப்போதும் ஏதாவது அரைபட்டுக்கொண்டிருக்கும். பேச்சே இல்லாத படத்துக்கு ஒலிப்பதிவாளர் எதற்கு என்று எல்லோரும் கேட்பார்கள். தூரிகை உரசுகிற சத்தம், உளி விழுகிற சத்தம் வேண்டாமா? தைலக் அந்தச் சத்தங்களையும் பிடிப்பான், தன் பல் சத்தத்தையும் சேர்த்துப் பிடிப்பான்.

முப்பத்திரண்டாவது ஆளாக ஜெக்‌ஷெனிடம் போனோம். எழுபத்தொரு வயது. ஓவியர்களுக்கென்று கட்டிய பழைய கட்டடத்தின் ஐந்தாவது மாடியில் அவருடைய கூடம். லிஃப்ட் என்று ஒன்று இருந்தது, ஓடுவதற்கில்லை. மூச்சு வாங்க ஏறிப் போய்க் கதவைத் திறந்தால் உள்ளே ஒன்றுமே இல்லை. ஒரு கட்டில், படத்தை நிறுத்தி வரைகிற ஒரு சட்டம், ஒரு கெட்டில், இரண்டு கிண்ணம். ஐம்பது வருடம் வரைந்த மனிதரின் சுவரில் ஆணிகள் மட்டும் இருந்தன.

விஷயம் இதுதான். வீட்டுக்கு வந்தவர் ஒரு பொருளைப் பாராட்டினால் அதை அவருக்கே கொடுத்துவிட வேண்டும் என்று எங்களிடம் ஒரு பழைய வழக்கம் உண்டு. எல்லோருக்கும் தெரியும், யாரும் கண்டுகொள்வதில்லை. பாராட்டினால் ஒரு கிண்ணம் தேநீரைக் கூட ஊற்றி வாயை அடைத்துவிடுவோம். ஜெக்‌ஷென் ஒருவர்தான் அதை அப்படியே பிடித்துக்கொண்டவர். அவருடைய அப்பா, தான் ஏறி வந்த குதிரையையே யாரோ புகழ்ந்தார்கள் என்று கொடுத்துவிட்டு இரண்டு கணவாய் தாண்டி நடந்து வீட்டுக்கு வந்தவராம். அந்த ரத்தம். அவர் படங்களெல்லாம் வாய்க்கு வந்ததைச் சொல்லிவிட்டுப் போனவர்களின் வீட்டில் தொங்குகின்றன. தண்ணீர்க் குழாய் ரிப்பேர் பண்ண வந்தவரிடம் மட்டும் நான்கு.

இதில் அவருக்கு இன்னொரு பாதியும் உண்டு. அவர் எதையும் பாராட்ட மாட்டார். அது ஒன்றும் கர்வமில்லை. பாராட்டுவது என்றால் கேட்பது என்றாகிவிட்டதல்லவா? யாரிடமும் கையேந்துகிற ஆளில்லை அவர். அதனால் நண்பரின் படமானாலும் சரி, சாப்பிடுகிற சோறானாலும் சரி, பார்ப்பார், தலையாட்டுவார், வாயைத் திறக்க மாட்டார்.

மனைவி புருல்சா மூன்று வருடத்துக்கு முன் இவரை விட்டுவிட்டு தோக்மோக்கில் இருக்கும் தன் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டார். அண்ணன் காலமான பிறகு சும்மா பூட்டிக் கிடந்த வீடு. காரணம் ஒரு கம்பளம். இரண்டு குளிர்காலம் உட்கார்ந்து கம்பளியை அடித்து, வெட்டி, தைத்து அந்த அம்மாவே செய்தது. படம் பார்க்க வந்த ஒரு பல் டாக்டர் படத்தை விட்டுவிட்டுத் தரையைப் பார்த்து நல்லாருக்கு என்றார். ஜெக்‌ஷென் சுருட்டித் தோளில் வைத்து அனுப்பிவிட்டார். சந்தைக்குப் போய்விட்டு வந்த புருல்சா வெறும் தரையைப் பார்த்தார். கிளம்புகிறபோது அவர் சொன்னதை ஜெக்‌ஷென் எங்களிடம் ஒரு வார்த்தை விடாமல் ஒப்பித்தார்.

“கிழவரே, ஊர்ல எவன் நல்லாருக்குன்னாலும் தூக்கிக் குடுக்கறீங்க. முப்பத்தாறு வருஷமா ஆக்கிப் போடறேன், ஒரு நாளாவது நல்லாருக்குன்னு நீங்க சொன்னதுண்டா? ஒரே ஒரு பொருளையாவது கையில வச்சிக்கத் தெரிஞ்சா, அதைத் தூக்கிக்கிட்டு வாங்க. அன்னிக்குக் கதவைத் திறக்கறேன்.”

அதற்காகத்தான் வரைந்துகொண்டிருந்தார். முதுகைக் காட்டி நிற்கிற ஒரு பெண், சட்டைக் கையை முழங்கைக்கு மேல் சுருட்டிக்கொண்டு, மேஜையில் மாவை மெல்லிய இழைகளாக வெட்டுகிறாள். கெஸ்மே சூப்புக்கான மாவு. முகம் தெரியாது. தெரிய வேண்டியதும் இல்லை. முப்பத்தாறு வருடம் பின்னால் உட்கார்ந்து பார்த்த முதுகு அது.

“இதை முடிச்சி, காய வச்சி, தோக்மோக் கொண்டு போறேன்,” என்றார் ஜெக்‌ஷென். “அதுவரைக்கும் எவனும் நல்லாருக்குன்னு சொல்லிடாதீங்க. சொன்னா என் கதை முடிஞ்சது. படம் எடுக்கறதுன்னா எடுங்க, வாயை மட்டும் கட்டிக்கிட்டு எடுங்க.”

“திட்டலாமா, பைக்கே?” என்றான் தைலக். பைக்கே என்றால் அண்ணன், பெரியவரை அப்படித்தான் கூப்பிடுவோம்.

கொஞ்சம் யோசித்தார். “திட்டலாம்,” என்றார்.

அந்த ஆறு நாள் மாதிரி நாங்கள் என்றைக்கும் வேலை செய்ததில்லை. தைலக்குக்குக் கொண்டாட்டம். ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு வாய்க்கு வந்தபடி பேசினான். இந்த அம்மா மாவு வெட்டுகிறாளா, ஆட்டை வெட்டுகிறாளா என்றான். முதுகைப் பார்த்தால் ஏதோ பஸ்ஸைப் பார்க்கிற மாதிரி இருக்கிறது என்றான். கத்தியைப் பிடித்திருக்கிற விரல் ஐந்தா ஆறா என்று எண்ணிக் காட்டச் சொன்னான். ஜெக்‌ஷெனுக்கு முதலில் சிரிப்பு வரும், பிறகு கோபம் வரும், பிறகு படத்துக்குக் கிட்டே போய்ப் பார்ப்பார், பிறகு அந்த விரலைச் சுரண்டிவிட்டு மறுபடி வரைவார். பாராட்டே கேட்டுக் கேட்டுப் பழகியவருக்கு, திட்டு வாங்க வாங்க வேலையில் ஒரு வேகம் வந்தது. கேமராவை மறந்தேபோனார். முப்பத்தொரு பேரிடம் கெஞ்சியும் எனக்குக் கிடைக்காத கை, திட்டினதும் கிடைத்தது.

என் பெயர்தான் இடைஞ்சல். முதல் நாளே ஜெக்‌ஷென் அதைக் கேட்டு, நெற்றியைத் தடவிக்கொண்டு, இந்தக் கூடத்துக்குள் அந்தப் பெயர் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். அவர் என்னை ‘பொண்ணே’ என்றார். தைலக் ‘எஜே’ என்றான், அதாவது அக்கா. கதவுக்கு வெளியே ‘உள்ளே பாராட்டத் தடை’ என்று எழுதி ஒட்டினேன். வந்து எட்டிப்பார்த்த பக்கத்துக் கூடத்துச் சிற்பிகூட, உன் படம் கண்றாவியாக இருக்கிறது ஜெக்‌ஷென் என்று மரியாதையாகச் சொல்லிவிட்டுப் போனார்.

எல்லாம் ஒழுங்காகத்தான் போனது. ஒழுங்காகப் போவதுதான் எனக்குப் பிரச்சினை. நான் நல்லவள் இல்லை, அதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். மூன்றாம் நாளே என் மனதில் ஒரு எண்ணம் புகுந்துவிட்டது. ஒரு மனிதன் உயிரைக் கொடுத்து வரைகிறான், முடிக்கிறான், எடுத்துக்கொண்டு போகிறான். இதில் என்ன இருக்கிறது? யாராவது ஒரு மடையன் உள்ளே வந்து நல்லாருக்கு என்று சொல்லித் தொலைத்தால்? அந்தக் கைகள் அந்தப் படத்தைக் கழற்றிக் கொடுப்பது எப்படி இருக்கும்? பால்காரர்கள் பாலை ஊற்றாமல் நின்று பார்ப்பார்கள். இதை யாரிடமும் சொல்லவில்லை. நினைத்தேன், அவ்வளவுதான்.

ஆறாவது நாள் மதியம், கடைசித் தீற்றல்கள். கேமரா பக்கவாட்டில் முக்காலியில் ஓடிக்கொண்டிருந்தது. விளக்கு ஒன்று கண் சிமிட்டியதால் நான் சட்டத்துக்குப் பின்னால் தரையில் மண்டியிட்டு ஒயரைப் பிடித்துக்கொண்டிருந்தேன். அப்போது சூராகான் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தாள்.

சூராகான் அந்தக் கட்டடத்தின் மேற்பார்வைக்காரி. சாவி, தண்ணீர், மின்சாரம், வசவு நான்கும் அவள் பொறுப்பு. ஐந்து மாடி ஓவியர்களும் அவள் காலடிச் சத்தம் கேட்டால் மூச்சை அடக்கிக்கொள்வார்கள். எங்கள் விளக்குகளால் கட்டடம் முழுக்க ஃபியூஸ் போய்விட்டது என்று சண்டை போட ஐந்து மாடி ஏறி வந்திருந்தாள். கதவில் இருந்த காகிதத்தை அவள் படிக்கவில்லை. அந்தக் கட்டடத்தில் காகிதம் எழுதி ஒட்டுகிறவளே அவள்தான். அடுத்தவர் எழுதியதை எதற்குப் படிக்கப்போகிறாள்? எங்கள் பெயர்களைக் கீழே பதிவேட்டில் எழுதிக்கொண்டதும் அவள்தான். நேராகச் சட்டத்துக்கு முன்னால் வந்து நின்றாள். பின்னால் என் பூட்ஸ் தெரிந்திருக்க வேண்டும்.

“சோனுன்!” என்று கத்தினாள்.

ஜெக்‌ஷெனின் தூரிகை நின்றது.

நான் கேட்டேன். நன்றாகக் கேட்டேன். என்னைத்தான் கூப்பிடுகிறாள் என்றும் தெரியும். ‘என்ன?’ என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் போதும், அது வெறும் பெயராகப் போயிருக்கும். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. நான் ஒயரைப் பிடித்துக்கொண்டு வாயைத் திறக்காமல் இருந்தேன். எவ்வளவு நேரம்? இரண்டு விநாடி இருக்கும். மூன்றுகூட இருக்கலாம். பிறகு அந்தக் காட்சியை எத்தனையோ தடவை ஓட்டிப் பார்த்துவிட்டேன், மூன்றேகால் விநாடி.

ஜெக்‌ஷென் தூரிகையை ஜாடியில் போட்டார். படத்தைச் சட்டத்திலிருந்து இரண்டு கையாலும் எடுத்தார். சூராகானிடம் நீட்டினார்.

தைலக் காதிலிருந்ததைக் கழற்றி எறிந்தான். “பைக்கே, அவங்க எஜேவைப் பேர் சொல்லிக் கூப்பிட்டாங்க!”

“கூப்பிட்டா பதில் வரணும்ல?” என்றார் ஜெக்‌ஷென். “வரலையே.”

நான் எழுந்து, என்னைத்தான், என் பெயர்தான் என்று என்னவோ உளறினேன். அவர் என்னைப் பார்த்தார். திட்டவில்லை. திட்டியிருந்தால் எவ்வளவோ தேவலை. சூராகானுக்கு ஒன்றும் புரியவில்லை. பத்து வருடத்தில் அந்தக் கட்டடத்தில் யாரும் அவளுக்கு ஒரு வாய் தேநீர்கூடக் கொடுத்ததில்லை. கையை ஏப்ரனில் துடைத்துக்கொண்டாள்.

“எனக்கா?” என்றாள். “ஈரமா இருக்கே.”

“ஓரத்தைப் புடிச்சிக்கங்க,” என்றார்.

அவள் ஃபியூஸை மறந்துவிட்டுப் படத்தை நெஞ்சுக்கு முன்னால் பிடித்தபடி இறங்கினாள். நான் என்ன செய்தேன் தெரியுமா? கேமராவைக் கழற்றிக்கொண்டு அவள் கைகளைப் பின்தொடர்ந்து ஐந்து மாடியும் படம் பிடித்துக்கொண்டே போனேன். பிரமாதமான காட்சி. திரும்பி மேலே வந்தபோது ஜெக்‌ஷென் தூரிகைகளைச் சோப்புப் போட்டுக் கழுவிக்கொண்டிருந்தார். தோக்மோக்குக்கு எப்போது என்று யாரும் கேட்கவில்லை.

வண்டியில் போகும்போது தைலக் ரொட்டியைக் கையில் வைத்துக்கொண்டு கடிக்காமல் இருந்தான். அவனை நான் அப்படிப் பார்த்ததே இல்லை.

“எஜே, ‘என்ன’ன்னு ஒரு வார்த்தை. அதுக்குக்கூடவா வாய் வலிச்சுது?”

நான் சாலையைப் பார்த்து ஓட்டினேன். வெட்கமாக இருந்தது. எவன் வீட்டு அடுப்பிலோ என் சூப்பைக் கொதிக்க வைத்துக்கொண்டேன் என்று இருந்தது. படத்தை எடிட் செய்தேன், நன்றாக வந்தது, அது நன்றாக வர வர வெட்கம் கூடிக்கொண்டே போனது. நாலாம் நாள் சூராகானிடம் போனேன்.

திட்டம் எளிது. அவள் வீட்டில் அந்தப் படத்தை நான் பாராட்டுவேன். அவள் கொடுக்க வேண்டும். அவள் அறை கட்டடத்தின் கீழ்த்தளத்தில், சாவிக் கொக்கிகளுக்கு நடுவே. படத்தைக் கெட்டிலுக்கு மேலே மாட்டியிருந்தாள். அதற்காகவே இருபது சாவிகளை இடம் மாற்றியிருந்தாள். நான் படத்துக்கு நேராக நின்று, ஆகா, என்ன அழகு, என்ன அருமை என்று பாடினேன்.

“தெரியும் போடி,” என்றாள் சூராகான். “அந்தப் பழைய வழக்கமெல்லாம் எங்கிட்ட நடக்காது. டீ வேணும்னா குடி.”

குடித்தேன். பிறகு வேறு வழியில்லாமல் உண்மையைச் சொன்னேன். கம்பளம், பல் டாக்டர், புருல்சா சொன்னது, நான் மூன்றேகால் விநாடி வாயை மூடிக்கொண்டிருந்தது, எல்லாம். அவள் படத்திலிருந்த முதுகைத் திரும்பிப் பார்த்தாள். வெகு நேரம் பார்த்தாள்.

“உன் படத்துல என்ன காட்டறே? என் கையையா?” என்று கேட்டாள்.

கைதான், மாடிப்படியில் இறங்குவது, என்றேன்.

“அவ்ளோதானா? இந்த மூஞ்சிக்கு என்ன கேடு?”

எனக்குப் புரிந்துவிட்டது. முப்பத்தொரு படம், பதினோரு வருடம், கை மட்டும். பேட்டியில் அளந்த தத்துவம் எல்லாம் நினைவுக்கு வந்தது. பெருமூச்சு விட்டுக் கேமராவை எடுத்தேன். அவள் கண்ணாடி முன்னால் போய்த் தலையை வாரிக்கொண்டு, உதட்டுக்குச் சாயம் பூசிக்கொண்டு, கெட்டிலுக்குப் பக்கத்தில் வந்து விறைப்பாக நின்றாள். நாற்பது விநாடி. சிமிட்டவே இல்லை. பிறகு ஆணியிலிருந்து படத்தை எடுத்து என் கையில் வைத்தாள். ஆணியைப் பிடுங்கவில்லை. இன்றைக்கும் அது அங்கேதான் இருக்கிறது.

ஜெக்‌ஷென் அதை வாங்க மறுத்துவிட்டார். கொடுத்தது கொடுத்ததுதான். படம் இப்போது என்னுடையது, என் வீட்டிலேயே மாட்டிக்கொள்ளச் சொன்னார். அப்படியானால் நீங்களே ஒரு வார்த்தை நல்லாருக்கு என்று சொல்லுங்கள், நான் கொடுத்துவிடுகிறேன் என்றேன். ஏதோ அசிங்கமாகப் பேசிவிட்டது போல என்னைப் பார்த்தார். தான் வரைந்ததைத் தானே பாராட்டுவதா, அதுவும் அடுத்தவரிடமிருந்து ஒரு பொருளைப் பிடுங்குவதற்காகவா? அவருடைய அப்பா நடந்து வந்த இரண்டு கணவாயும் குறுக்கே நின்றன.

அதனால் பொய் சொன்னேன். இதில் எனக்குப் பயிற்சி உண்டு. படத்துக்குக் கடைசியாக ஒரு காட்சி வேண்டும், மாவு வெட்டுகிற நிஜக் கைகளும் வரைந்த கைகளும் ஒன்றாக, தோக்மோக் போகிறோம், வெளிச்சம் சரியா என்று சொல்ல ஓவியர் ஒருவர் கூட வேண்டும் என்றேன். வெளிச்சத்தைப் பார்ப்பதற்கு என்றதும் அவருக்கு மறுக்கத் தெரியவில்லை. வண்டியில் பின் சீட்டில் வெறும் கையை முழங்காலில் வைத்துக்கொண்டு வந்தார். படம் என் பக்கத்து சீட்டில் இருந்தது. வழியெல்லாம் அதைப் பார்க்காமல் ஜன்னலைப் பார்த்தார்.

புருல்சா கதவைத் திறந்தார். குள்ளமான, உறுதியான பெண்மணி. சட்டைக் கை முழங்கைக்கு மேல் சுருட்டியே இருந்தது. புருஷனைப் பார்த்தார், அவர் வெறும் கையைப் பார்த்தார்.

“நான் வெளிச்சம் பாக்க வந்தேன்,” என்றார் ஜெக்‌ஷென்.

“வாசல்லயும் நல்லாதான் வெளிச்சம் இருக்கு, பாருங்க,” என்றார் புருல்சா. என்னையும் தைலக்கையும் மட்டும் உள்ளே கூப்பிட்டார். ஜெக்‌ஷென் வாசலிலேயே நின்றார்.

படத்தை அடுக்களைச் சுவரில் சாய்த்து வைத்தேன். புருல்சா இடுப்பில் கை வைத்துக்கொண்டு பார்த்தார். தன் இடுப்பு இவ்வளவு அகலமா என்று கேட்டார். இந்தச் சட்டையைத் தூக்கிப்போட்டு இருபது வருடம் ஆகிறது என்றார். பிறகு குனிந்து மேஜை இருந்த பக்கத்தைக் கிட்டத்தில் பார்த்தார். நான் உண்மையைச் சொன்னேன், சூராகானிடம் சொன்ன அதே வரிசையில். என் பெயர் வந்த இடத்தில் அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. முந்தானை மாதிரித் தலைத்துணி நுனியை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தார். நான் வாயை மூடிக்கொண்டிருந்த இடம் வந்ததும் சிரிப்பை நிறுத்திவிட்டார்.

“ஆக, இதையும் அந்த மனுஷனால வச்சிக்க முடியலை.”

“என்னாலதான், எஜே,” என்றேன்.

 அவர் படத்தில் இருந்த மாவை விரலால் தொடப்போய், தொடாமல் நிறுத்தினார். “மாவு சரியா வந்திருக்கு,” என்றார் தனக்குள். “இந்தப் பதம்தான்.”

“உங்களுக்கு!” என்று நான் கத்தினேன். “பாராட்டிட்டீங்க. இனிமே இது உங்களோடது.” தைலக் என் தோளில் ஒரு அடி வைத்தான். பாசத்தில்தான் என்று நினைக்கிறேன், இரண்டு நாள் வலித்தது.

புருல்சா வாசலைப் பார்த்தார். ஆள் இன்னும் அங்கேயே நின்றிருந்தார், நிஜமாகவே ஆகாயத்தைப் பார்த்துக்கொண்டு. “சூப்பு ஆறிடும். அந்த வெளிச்சத்தை உள்ள வரச் சொல்லுங்க,” என்றார்.

கதவு திறந்துவிட்டது என்று நீங்கள் சந்தோஷப்பட வேண்டாம். நானும் படவில்லை. வீட்டுக்கு வந்தவருக்குச் சாப்பாடு போடாமல் அனுப்புகிற வழக்கம் எங்களிடம் இல்லை. எதிரிக்கும் ஒரு கிண்ணம் உண்டு. போட்ட பிறகு கதவைச் சாத்திக்கொள்ளலாம். புருல்சா மாவை உருட்டி, மடித்து, இழை இழையாக வெட்டிக் கொதிக்கிற ஆட்டுக்கறிச் சூப்பில் போட்டார். படத்திலிருந்த கையும் இந்தக் கையும் ஒன்றே. நான் முக்காலியை மேஜை ஓரத்தில் வைத்து, கைகள் மட்டும் தெரிகிற மாதிரி கேமராவை ஓடவிட்டுவிட்டுச் சாப்பிட உட்கார்ந்தேன். தைலக் முன்னாலேயே உட்கார்ந்துவிட்டான்.

 ஜெக்‌ஷென் கிண்ணத்தைப் பார்த்துக்கொண்டே சாப்பிட்டார். அவருக்கு எதிரே பானையுடன் புருல்சா, புருல்சாவுக்குப் பின்னால் சுவரில் படம். பாதிக் கிண்ணம் போயிருக்கும். ஸ்பூன் நின்றது. அவர் காது சிவந்தது. எழுபத்தொரு வயது ஆணின் காது அப்படிச் சிவந்து நான் பார்த்ததில்லை.

“சோனுன்,” என்றார்.

“என்ன, பைக்கே?” என்றேன் நான்.

கேட்டுத் தொலைத்தேன். வாயைத் திறக்க வேண்டிய இடத்தில் மூடிக்கொண்டிருந்தேனே என்று நாலு நாள் பொருமிக்கொண்டிருந்தவள், இந்தத் தடவை ஒரு விநாடிகூடத் தாமதிக்காமல் பாய்ந்துவிட்டேன். தைலக் மேஜைக்கு அடியில் என் காலை மிதித்தான்.

ஜெக்‌ஷென் என்னைப் பார்க்கவில்லை. நான் நீட்டிய கையில் ஏறித் தப்பித்துக்கொண்டு போயிருக்கலாம். உப்பு வேண்டும் என்றோ, ரொட்டியை இந்தப் பக்கம் தள்ளு என்றோ சொல்லியிருக்கலாம். எனக்கே அப்படிச் சொல்லிவிடுவார் என்று பயமாக இருந்தது. அவர் ஸ்பூனைக் கீழே வைத்தார்.

“உன்னைக் கூப்பிடலை, பொண்ணே,” என்றார். மறுபடியும், இந்தத் தடவை கொஞ்சம் உரக்க, “சோனுன்,” என்றார்.

புருல்சாவின் கரண்டி பானைக்கு மேலே நின்றது.

“எதைச் சொல்றீங்க?” என்று கேட்டார். “சூப்பையா? படத்தையா?”

ஜெக்‌ஷென் சூப்பைப் பார்க்கவில்லை, படத்தையும் பார்க்கவில்லை. நேராகப் பார்த்தார். முப்பத்தாறு வருடம் முதுகையே பார்த்தவர், முகத்தைப் பார்த்தார்.

புருல்சா கரண்டியை மெதுவாகப் பானையில் இறக்கினார். “கேட்டுட்டீங்க,” என்றார். “குடுத்துத்தானே ஆகணும்.” அவருடைய கிண்ணத்தை இழுத்து, விளிம்பு வரை நிரப்பி, முன்னால் வைத்தார். அவர் எதிரிலேயே உட்கார்ந்து, முழங்கை வரை சுருட்டியிருந்த சட்டைக் கையை இறக்கிப் பொத்தானைப் போட்டுக்கொண்டார். வாசல் கதவைச் சாத்தும்படி தைலக்கிடம் சொன்னார். அதாவது நாங்கள் இருவரும் வெளியே போய், வெளியிலிருந்து.

வண்டியில் ஏறிய பிறகுதான் தைலக்கைக் கேட்டேன், சத்தம் நன்றாகப் பதிந்திருக்கிறதா என்று. அவன் வாயைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தான். சாப்பிடும்போது அவன் எந்தப் பொத்தானையும் அழுத்தவே இல்லை. பேச்சு வேண்டாம் என்பதுதானே உன் விதி, எஜே, என்றான். கொன்றுபோட்டிருப்பேன்; ஓட்டிக்கொண்டிருந்தேன்.

அந்தப் படம் பதிமூன்று நிமிடம். சூராகானின் நாற்பது விநாடியால் நீண்டுவிட்டது. அவள் அதைப் பார்க்க ஞாயிற்றுக்கிழமை காலை கட்டடம் முழுக்க எழுப்பினாளாம். கடைசிக் காட்சியில் சத்தமே இல்லை. ஒரு மேஜை, கிண்ணங்கள். ஒரு கிழட்டுக் கை ஸ்பூனைக் கீழே வைக்கிறது. இடது பக்கத்திலிருந்து அவசரமாக ஒரு முழங்கை உள்ளே வருகிறது, அது நான். கரண்டி பிடித்த கை காற்றில் நிற்கிறது. பிறகு கிண்ணம் நிறைகிறது. திரையிடுகிற இடத்திலெல்லாம் யாராவது ஒருவர் எழுந்து கேட்கிறார்கள், அந்தக் கிழவர் அப்போது என்ன சொன்னார் என்று.

உப்பு கேட்டார் என்று சொல்லிவிடுவேன்.